வருஷா வருஷம் வற்ற வேண்டிய குட்டை

ஆகஸ்ட் கடைசியில் அங்கே போய் நின்றால் குட்டை எங்கே என்று கேட்கத்தான் தோன்றும். ஓக் காட்டுக்கு நடுவே தாம்பாளம்போல லேசாகக் குழிந்த ஒரு வட்டமான திறந்தவெளி. தரையில் பாளம் பாளமாக வெடித்த சேறு, அதில் அப்பளம்போல ஒட்டிக் காய்ந்து கிடக்கும் போன வருஷத்து இலைகள், நடுவில் மட்டும் மிதித்தால் கால் புதையும் ஈரம். ஓரத்து மரங்களின் அடியில் முழங்கால் உயரத்துக்கு ஒரு கறைக்கோடு தெரியும். மார்ச் மாதம் தண்ணீர் அதுவரை நின்றது என்பதற்கு அந்தக் கோடுதான் சாட்சி. இதைப் போய் அரசாங்கம் பாதுகாக்கிறதா என்று யாராவது சிரித்தால் அவரைக் குற்றம் சொல்ல முடியாது.

ஆனால் இந்தக் குட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டியதில் முக்கால்வாசி அந்த வறட்சிக்குள்தான் இருக்கிறது.

இடம் அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலம், ஷெனன்டோவா பள்ளத்தாக்கு. ப்ளூ ரிட்ஜ் மலைத்தொடரின் மேற்கு அடிவாரத்தில், அகஸ்டா கவுன்டியில் (கவுன்டி என்பது நம் மாவட்டம் மாதிரி), ஸ்டூவர்ட்ஸ் டிராஃப்ட் என்கிற சின்ன ஊருக்குப் பக்கத்துக் காட்டில் இப்படிப்பட்ட குட்டைகள் கூட்டமாக இருக்கின்றன. மேப்பிள் ஃப்ளாட்ஸ், லவ்ஸ் ரன் என்று அந்தக் கூட்டங்களுக்குப் பெயர். ஜார்ஜ் வாஷிங்டன் தேசிய வனத்துக்குள் வருகிறவை இவை. தேசிய வனம் என்பது தேசியப் பூங்கா இல்லை, அங்கே மரம் வெட்டலாம், வேட்டையாடலாம், ஆகவே காட்டுக்குள் இருப்பதாலேயே ஒரு இடம் பத்திரம் என்று அர்த்தமில்லை. அதனால்தான் வனத்துறை இந்தக் குட்டைகள் இருக்கும் பகுதியைத் தனியாகச் சிறப்பு உயிரியல் பகுதி என்று ஒதுக்கி வைத்திருக்கிறது.

குட்டை எப்படி வந்தது என்பதைப் பார்த்துவிடலாம். செய்திகளில் 'திடீர் பள்ளம்' என்று வருமே, சாலை நடுவில் கார் உள்ளே போய்விடும், அதன் இயற்கையான உறவுக்காரர்தான் இது. பள்ளத்தாக்கின் அடியில் இருப்பது சுண்ணாம்புக்கல்லும் அதன் தம்பியான டோலமைட்டும். மழைத்தண்ணீர் மண்ணுக்குள் இறங்கும்போது கரியமில வாயுவைச் சேர்த்துக்கொண்டு லேசான அமிலமாகிவிடும், அது இந்தக் கல்லைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைக்கும், கரைந்த இடத்தில் பொந்து விழும், மேலே இருக்கிற மண் அதற்குள் உட்கார்ந்துவிடும். ஆங்கிலத்தில் சிங்க்ஹோல் என்கிறார்கள். தமிழில் நிலம் உள்வாங்கிய பள்ளம் என்று சொன்னால் போதும்.

இங்கேதான் ஒரு கேள்வி வரும். அடியில் ஓட்டை விழுந்த பள்ளத்தில் தண்ணீர் எப்படி நிற்கும்? பொதுவாக நிற்காது, சுண்ணாம்புப் பாறை நிலத்துப் பள்ளங்கள் பெரும்பாலும் புனல்போலத் தண்ணீரைக் கீழே இறக்கிவிடும். மேப்பிள் ஃப்ளாட்ஸ் பக்கம் கதை வேறு. ப்ளூ ரிட்ஜ் மலையிலிருந்து ஓடைகள் பல ஆயிரம் வருஷங்களாக உருட்டிக்கொண்டு வந்த கூழாங்கல்லும் மணலும் களிமண்ணும் விசிறிபோல அடிவாரத்தில் பரவி, சுண்ணாம்புப் பாறையைக் கனமாக மூடிவிட்டன. பாறை அடியில் கரையும்போது இந்த மூடாக்கு மொத்தமாகப் பொத்தென்று விழாமல் மெதுவாகத் தொய்கிறது. தொய்ந்த குழியில் நயமான களிமண் படிந்து படிந்து அடியை அடைத்துவிடுகிறது. பானைக்கு அடி பூசியதுபோலத்தான்.

மூடாக்கு எந்தக் கல் என்பதும் முக்கியம். மலையிலிருந்து வந்தது குவார்ட்சைட். கரையாத, சத்தில்லாத கல். அதனால் சுண்ணாம்புப் பாறைக்கு மேலேயே உட்கார்ந்திருந்தாலும் குட்டைத் தண்ணீரில் சுண்ணாம்பு வாடையே இல்லை. மழைநீரும், மலைக்கல் வழியாக ஊறி வந்த நீரும், ஊறிய ஓக் இலையின் டீ நிறச் சாறும்தான். நல்ல புளிப்புத் தண்ணீர், சத்துக் குறைவு. சில மைல் தள்ளி, மூடாக்கு இல்லாத இடத்தில் அதே சுண்ணாம்பு நிலத்துக் கிணற்றுத் தண்ணீர் பாத்திரத்தில் வெள்ளைவெள்ளையாக உப்புப் படியவிடும்.

சரி, அப்புறம் ஏன் வற்றுகிறது? மழை இல்லாததால் என்றுதான் நாம் நினைப்போம், நம் ஊர்க் குட்டைகள் அப்படித்தான். ஷெனன்டோவாவில் மழை வருஷம் முழுக்கப் பெய்கிறது, கோடையில் குறைவதுகூட இல்லை. தண்ணீரைக் காலி செய்வது காடு. குளிர்காலத்தில் ஓக், மேப்பிள் எல்லாம் இலையுதிர்த்து மொட்டையாக நிற்கும்போது மண்ணிலிருந்து தண்ணீரை உறிஞ்ச ஆளே இல்லை, நிலத்தடி நீர் ஏறுகிறது, குட்டை நிரம்புகிறது. ஏப்ரல், மே மாதத்தில் லட்சக்கணக்கான இலைகள் ஒரே சமயத்தில் விரிகின்றன. ஒவ்வொரு மரமும் வேரால் உறிஞ்சி இலை வழியாக ஆவியாக விடுகிறது, அதோடு வெயிலும் ஏற, நீர்மட்டம் வாரத்துக்கு வாரம் கீழே போகிறது. கோடை முடியும்போது தரை தெரிகிறது. ஆக, சுற்றியுள்ள மரங்களைச் சேர்த்துப் பார்க்காமல் குட்டையின் நீர்க்கணக்கே வராது. காட்டை வெட்டினால் குட்டை வற்றிப்போகும் என்று பொதுவாகச் சொல்வார்கள். இங்கே வெட்டினால் உடனடியாக நடக்கக்கூடியது தலைகீழ், தண்ணீர் தங்கும் காலம் நீளும். அதுவும் இந்தக் குட்டைக்குக் கெடுதல்தான். ஏன் என்று பார்ப்போம்.

முதல் காரணம் மீன். வற்றுகிற குட்டையில் மீன் இருக்க முடியாது. ஓடையும் வந்து சேரவில்லை, போகவும் இல்லை என்பதால் புதிதாக வந்து ஏறவும் வழியில்லை. மீன் இல்லாத தண்ணீர் என்பது முட்டையிடுகிற சின்ன உயிர்களுக்கு எவ்வளவு பெரிய சலுகை என்று நமக்குச் சட்டென்று உறைக்காது. மெதுவாக நகர்கிற, மெத்தென்ற, ஒளியத் தெரியாத எதையும் மீன் விட்டுவைப்பதில்லை. ஒரே வருஷம் சன்ஃபிஷ் என்கிற சாதாரணக் குளத்து மீன் ஒன்றிரண்டு ஜோடி உள்ளே போனால் போதும், அந்தப் பருவத்துத் தலைப்பிரட்டைகளின் கதை முடிந்தது.

இந்தச் சலுகையை நம்பி வாழ்கிறவர்களில் முதன்மையானவர்கள் சாலமாண்டர்கள். தமிழ்நாட்டில் இல்லாத பிராணி என்பதால் ஒரு வார்த்தை: பார்க்க அரணைபோல இருக்கும், நாலு கால், நீள வால், ஆனால் பல்லி இனமே இல்லை, தவளையின் உறவு. செதில் கிடையாது, தோல் ஈரமாக இருக்க வேண்டும், குஞ்சுப் பருவம் தண்ணீருக்குள். இந்த வகைகள் வருஷத்தில் பெரும்பகுதி குட்டைப் பக்கமே வராது. காட்டு மண்ணுக்கு அடியில், மூஞ்சூறு வளை, மக்கிய வேர் விட்ட ஓட்டை என்று கிடைத்த பொந்தில் கிடக்கும். அமெரிக்காவில் காட்டில் தினம் நடக்கிறவர்களில்கூடப் பலபேர் வாழ்நாளில் ஒன்றையும் பார்த்ததில்லை என்பார்கள்.

பிப்ரவரி, மார்ச்சில் ஒரு ராத்திரி. பனி உருகியிருக்கிறது, குளிர் கொஞ்சம் விட்டிருக்கிறது, மழை தூறுகிறது. அன்றைக்குத்தான் புள்ளிச் சாலமாண்டர்கள் கிளம்பும். கறுப்பு உடம்பில் மஞ்சள் பொட்டுகள், ஒரு சாண் நீளம். காட்டின் எல்லாத் திசையிலிருந்தும், ஈர இலைமேல் சரசரப்புகூட இல்லாமல், தான் பிறந்த குட்டையை நோக்கியே பெரும்பாலும் வரும். ஒன்றிரண்டு ராத்திரிகளில் ஒரு குட்டைக்கு வரவேண்டியவை பாதிக்கு மேல் வந்துவிடுவதும் உண்டு. முட்டைகளைக் கைப்பிடியளவு ஜெல்லி உருண்டையாகக் குச்சிகளில் ஒட்டிவிட்டு, சில நாளில் திரும்பிக் காட்டுக்குள் போய்விடும்.

அந்த ஜெல்லி உருண்டையை இரண்டு மூன்று வாரம் கழித்துப் பார்த்தால் பச்சையாக இருக்கும். அழுகல் என்று நினைக்க வேண்டாம், பாசி. ஒவ்வொரு முட்டைக்குள்ளும் ஒரு தனி வகைப் பாசி வளர்கிறது. கரு விடும் கழிவைப் பாசி எடுத்துக்கொள்கிறது, பாசி விடும் ஆக்ஸிஜனைக் கரு எடுத்துக்கொள்கிறது. இது நூறு வருஷத்துக்கும் மேலாகத் தெரிந்த கொடுக்கல் வாங்கல்தான். ஆனால் 2011இல் வெளியான ஆய்வு ஒன்று, ரயன் கெர்னியும் அவர் குழுவும் செய்தது, அந்தப் பாசி கருவின் உடல் செல்களுக்கு உள்ளேயே போய் இருக்கிறது என்று காட்டியது. முதுகெலும்புள்ள பிராணியின் செல்லுக்குள் பாசி வாழ்வது அதுவரை யாரும் கண்டிராதது. அதுவும் எங்கே, மழைக்காட்டிலோ பவளப்பாறையிலோ இல்லை, இலை ஊறின குட்டையில் கிடக்கும் ஜெல்லியில்.

இன்னொரு வகை, மார்பிள் சாலமாண்டர், இதற்கு நேரெதிர் கணக்குப் போடுகிறது. விரல் நீளம்தான், கறுப்பில் வெள்ளிப் பட்டை. இது செப்டம்பர், அக்டோபரில், குட்டை வறண்டு கிடக்கும்போது வரும். காய்ந்த குட்டையின் தரையில், மரக்கட்டைக்கோ இலைக்கோ அடியில், இனி தண்ணீர் ஏறும் என்று அதற்குத் தோன்றுகிற மட்டத்தில் சின்னக் குழி பறித்து ஐம்பதிலிருந்து இருநூறு வரை முட்டையிடும். இட்டுவிட்டுத் தாய் அவற்றைச் சுற்றி வளைந்து படுத்துக்கொள்ளும். மழை வந்து தண்ணீர் ஏறி முட்டையைத் தொட்டால் பொரிந்துவிடும். மழை தாமதித்தால் காத்திருக்க வேண்டியதுதான். இந்தச் சூதாட்டத்தில் பலன் என்னவென்றால், பிப்ரவரியில் புள்ளிச் சாலமாண்டர் முட்டையிட வரும்போது மார்பிள் குஞ்சுகள் ஏற்கெனவே நாலு மாதம் வளர்ந்திருக்கும், பின்னால் பொரிந்து வருகிறவற்றைச் சாப்பிடும் அளவுக்கு. மழை ஏமாற்றின வருஷம் புள்ளிக் குஞ்சுகளுக்கு யோகம். யார் ஜெயிப்பது என்பதைத் தண்ணீர் எந்தத் தேதியில் வந்தது, எந்தத் தேதியில் போனது என்பதுதான் பெரும்பாலும் தீர்மானிக்கிறது, தேதியோ ஒவ்வொரு வருஷமும் மாறுகிறது, அதனால் ஒரே ஆள் தொடர்ந்து ஜெயிக்க முடிவதில்லை.

மேப்பிள் ஃப்ளாட்ஸின் பெரிய ஆள் புலிச் சாலமாண்டர். வர்ஜீனியாவில் அழிவின் விளிம்பில் இருப்பதாக மாநிலச் சட்டம் பட்டியலிட்டிருக்கும் பிராணி, மாநிலத்தில் விரல்விட்டு எண்ணக்கூடிய இடங்களில்தான் இருக்கிறது. அதன் குஞ்சு கரையேறத் தேவையான மாதங்கள் அதிகம், ஆகவே சீக்கிரம் வற்றும் குட்டை அதற்குச் சரிப்படாது. வற்றவே வற்றாததும் சரிப்படாது, எப்படியாவது மீன் வந்தால் நிலைத்துவிடும். பல ஆழங்களில் பல குட்டைகள் பக்கம் பக்கமாக இருந்தால்தான் வறட்சி வருஷம் ஆழமானதும் மழை வருஷம் ஆழமில்லாததும் கைகொடுக்கும். ஒரு நல்ல குட்டையை மட்டும் காப்பாற்றினால் போதாது என்பதற்கு இதைவிடத் தெளிவான காரணம் எனக்குத் தெரியவில்லை.

காட்டுத் தவளை, மல்லாந்து நீந்தும் ஒரு குட்டி இறால் வகை, தும்பிகள் எல்லாம் இதே தாளத்துக்கு ஆடுகிறவைதான். அந்த இறாலின் முட்டை காய்ந்த சேற்றில் வருஷக்கணக்கில் கிடந்து, தண்ணீர் வந்ததும் பொரியும்.

இனி இரண்டாவது காரணத்துக்கு, செடிகளுக்கு வருவோம். எனக்கு இந்தக் குட்டைகளில் மிகப் பிடித்த ஆள் ஒரு மஞ்சள் பூச்செடி. வர்ஜீனியா தும்மல்பூண்டு என்று தமிழில் சொல்லலாம், ஹெலினியம் வர்ஜினிக்கம். சூரியகாந்திக் குடும்பம். இந்த வகைச் செடிகளின் காய்ந்த இலையைப் பொடித்து அந்தக் காலத்தில் மூக்குப்பொடிபோல உறிஞ்சுவார்களாம், அதனால் வந்த பெயர். தாவரவியலாளர் பிளேக் 1936இல் இதைத் தனி இனம் என்று விவரித்தார். அதற்கப்புறம் பல காலம் உலகத்திலேயே அகஸ்டா, ராக்கிங்ஹாம் என்ற இரண்டு கவுன்டிகளின் குட்டைகளில் மட்டும் இருப்பதாகத்தான் எல்லோரும் நம்பினார்கள். 1998இல் கூட்டரசு இதை ஆபத்துக்குள்ளான இனங்களின் பட்டியலில் சேர்த்தது.

இது போட்டியில் சோப்ளாங்கி. புல்லோ புதரோ பக்கத்தில் உயர்ந்தால் தோற்றுவிடும், மர நிழல் ஆகவே ஆகாது. அதனால் மற்றவர்கள் தாங்க முடியாத இடத்தில் போய் உட்கார்ந்திருக்கிறது. ஆறேழு மாதம் தண்ணீருக்குள் மூழ்கியிருக்க வேண்டும் என்றால் ஓக் கன்றும் பைன் கன்றும் செத்துவிடும். தும்மல்பூண்டின் இலைக்கொத்து தண்ணீருக்கு அடியிலும் தாக்குப்பிடிக்கும். தண்ணீர் இறங்கியதும், வெயில் படும் வெற்றுச் சேற்றில் அதன் விதை முளைக்கும். வெள்ளம் எதிரியைக் கொல்கிறது, வறட்சி பிள்ளை பெற இடம் கொடுக்கிறது. இரண்டில் ஒன்று தவறினாலும் பிரச்சினை. வற்றாத வருஷத்தில் பூச்செடி சொற்பமாகவோ இல்லாமலோ போகும், விதைகள் சேற்றில் பல வருஷம் உயிரோடு காத்திருக்கும், அப்புறம் ஒரு நல்ல வறட்சியில் ஆயிரக்கணக்கில் எழும்பும். கணக்கெடுக்க வருகிறவர் எந்த வருஷம் வந்தார் என்பதைப் பொறுத்து அறிக்கையில் பூஜ்யமும் வரலாம், பெருங்கூட்டமும் வரலாம்.

அதற்கு இன்னொரு பலவீனமும் உண்டு. தன் மகரந்தத்தால் தான் சூல் கொள்ளாது. அதே இணைவகை (யாரோடு சேர்ந்தால் விதை பிடிக்கும் என்பதைத் தீர்மானிக்கும் மரபு வகை) கொண்ட பக்கத்துச் செடியின் மகரந்தமும் ஆகாது. லெக்சிங்டனில் உள்ள வாஷிங்டன் அண்ட் லீ பல்கலைக்கழகத்தின் ஜான் நாக்ஸ் இந்தச் செடியோடு நீண்ட காலம் மாரடித்தவர், 1997இல் அவரும் மெஸ்மோரும் இதை நிறுவினார்கள். சின்னக் குட்டையில் செடிகள் குறைந்து எல்லாம் ஒரே உறவாகிவிட்டால், பூ குலுங்கக் குலுங்க நிற்கும், விதை மட்டும் பிடிக்காது. வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு எல்லாம் நன்றாக இருப்பதுபோலத்தான் தெரியும்.

பெரிய திருப்பம் மிசூரியில். ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் மேற்கே, ஹொவெல் கவுன்டியில் போமோனா என்ற ஊர்ப் பக்கம், ஜூலியன் ஸ்டெயர்மார்க் 1957இல் ஒரு செடியைப் பறித்து உலர்த்தி வைத்திருந்தார். பல பத்தாண்டுகள் கழித்து மரபணு ஒப்பீடு செய்தபோது அதே வர்ஜீனியா தும்மல்பூண்டு என்று உறுதியானது. பெயரில் வர்ஜீனியா, விலாசம் மிசூரியின் ஓசார்க் மேட்டுநிலம். அங்கேயும் சுண்ணாம்பு நிலம்தான், அங்கேயும் நிலம் உள்வாங்கிய குட்டைதான். தேட ஆரம்பித்ததும் மிசூரியில் மேலும் பல இடங்களில் கிடைத்தது. இவ்வளவு தள்ளித் தள்ளி இரண்டு கோடியில் எப்படி என்பதற்கு, ஒருகாலத்தில் பரவலாக இருந்து இப்போது இரண்டு ஓரத்தில் மிஞ்சியது என்பதுதான் எனக்கு நம்பத் தோன்றும் விடை. இதேபோல 2006இல்தான் அகஸ்டா கவுன்டிக் குட்டைகளிலிருந்து போல்டோனியா மொன்டானா என்ற இன்னொரு பூச்செடி புது இனம் என்று விவரிக்கப்பட்டது. அது வடக்கே நியூ ஜெர்சியின் சுண்ணாம்பு நிலக் குட்டைகளிலும் இருக்கிறது.

இந்தக் குட்டைகளுக்கு வயதும் கொஞ்சநஞ்சமில்லை. பக்கத்தில் உள்ள ஹாக் குட்டையில் குழாய் இறக்கி எடுத்த சேற்றில் இருந்த மகரந்தத்தை வைத்து 1969இல் கிரெய்க் என்பவர் பள்ளத்தாக்கின் காட்டு வரலாற்றையே எழுதினார். அடியில் பைன், ஸ்ப்ரூஸ் என்று இன்றைய கனடாவை நினைவூட்டும் பனிக்காலத்து மரங்கள், மேலே வர வர ஓக்.

பாதுகாப்பு என்று வரும்போது தவறு நடக்கிற இடம் எப்போதும் ஒன்றேதான்: நல்லெண்ணம். வற்றுகிற குட்டையைப் பார்த்தால் மனுஷனுக்குக் கை ஊறும். ஆழப்படுத்தலாம், கரை கட்டலாம், பாவம் தவளைகள், நாலு மீன் விடலாம். மாட்டுக்குத் தண்ணீர் வேண்டும் என்று ஆழமாக வெட்டின குட்டைகள் உண்டு, பயிருக்காக வாய்க்கால் வெட்டி வடித்தவையும் உண்டு. இரண்டும் ஒரே கேடு. இன்னொரு கேடு, கோடையில் காய்ந்து கிடக்கும் தரை நாலு சக்கர மோட்டார் வண்டிக்காரர்களுக்கு மைதானம்போலத் தெரிவது. சக்கரம் ஒருமுறை அழுத்திய தடத்தில் அடுத்த வருஷத் தண்ணீர் வேறு மாதிரி நிற்கும், களிமண் அடைப்பு பிளந்தால் நிற்காமலும் போகலாம்.

வேலி எங்கே போடுவது என்பதும் சின்ன விஷயமில்லை. தண்ணீர் விளிம்பைச் சுற்றிப் போட்டால் சாலமாண்டர் வருஷத்தில் சில வாரம் மட்டும் வந்து போகும் இடத்தைக் காப்பாற்றுகிறோம், அது வாழும் வீட்டை விட்டுவிடுகிறோம். சாலமாண்டர்கள் குட்டையிலிருந்து எவ்வளவு தூரம் போகின்றன என்ற ஆய்வுகளைத் தொகுத்து செம்லிட்ச் என்ற ஆய்வாளர் 1998இல் ஒரு கணக்குச் சொன்னார்: பெருவாரியானவற்றை உள்ளடக்க வேண்டுமென்றால் விளிம்பிலிருந்து சுமார் 164 மீட்டர். அரை ஏக்கர் குட்டைக்குக்கூட இருபது ஏக்கருக்கு மேல் காடு வேண்டும். தேசிய வனத்துக்குள் இருப்பதன் லாபம் இதுதான், அந்தக் காடு கைவசம் இருக்கிறது.

வெளியே இருக்கும் குட்டைகளுக்குச் சட்டம் அவ்வளவு இரக்கம் காட்டவில்லை. அமெரிக்கத் தூய நீர்ச் சட்டம் ஆறு, ஏரி, அவற்றோடு சேர்ந்த சதுப்புகளைப் பார்த்துக்கொள்கிறது. 2001இல் ஒரு தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் தனித்துக் கிடக்கும் குட்டைகளுக்கு அதன் கை எட்டும் தூரத்தைக் குறைத்தது. 2023இல் சாக்கெட் வழக்கில், ஆறு, ஏரி போன்ற நிலையான நீரோடு தொடர்ச்சியான மேற்பரப்புத் தொடர்பு இருந்தால்தான் சதுப்பு சட்டத்துக்குள் வரும் என்று சொல்லிவிட்டது. ஓடையோடு தொடர்பில்லை என்பதுதான் இந்தக் குட்டையின் சிறப்பே, அதனால்தான் மீன் இல்லை, அதனால்தான் மற்ற எல்லாம் இருக்கின்றன. நீதிமன்றம் கேட்கும் தகுதி இதற்கு வந்துவிட்டால் இது இந்தக் குட்டையாகவே இருக்காது. வர்ஜீனியாவின் மாநிலச் சட்டம் தனித்த சதுப்புகளையும் கணக்கில் எடுப்பது கொஞ்சம் ஆறுதல்.

தும்மல்பூண்டு இருக்கும் இடங்களில் பல தனியார் நிலம். மேய்ச்சல் புல்வெளி நடுவில் ஒரு பள்ளம், அதில் மஞ்சளாகப் பூத்து நிற்கும். மாடு சுற்றியுள்ள புல்லையெல்லாம் ஒட்டக் கடித்துவிடும், இதை மட்டும் முகர்ந்து பார்த்துவிட்டு நகர்ந்துவிடும். அவ்வளவு கசப்பு, தின்றால் விஷமும்கூட. போட்டியாளர்களை மாடே மேய்ந்து ஒழித்துவிடுவதால் அங்கே செடி நன்றாகவே இருக்கிறது, சில இடங்களில் காட்டுக்குள் இருப்பதைவிட நன்றாக. நிலத்துக்காரருக்கு அது மாடு தின்னாத களை. ஒவ்வொரு வருஷமும் புல்வெட்டும் இயந்திரத்தை ஓட்டி அந்தப் பள்ளம்வரை வருகிறார், சேறு ஈரமாக இருந்தால் சுற்றிக்கொண்டு போகிறார், காய்ந்திருந்தால் அதையும் சேர்த்து வெட்டிவிட்டுப் போகிறார். அடுத்த கோடையில் மறுபடி முளைத்திருக்கிறது.